அப்பா சிரித்த இடம்

பவானிபூர், கொல்கத்தா
9-1-2007

சிரஞ்சீவி சிவராமுக்கு அம்மாவின் அநேக ஆசீர்வாதங்கள். இவ்விடம் எல்லோரும் க்ஷேமம் என்று ஆரம்பிக்கத்தான் பேனாவை எடுத்தேன். எல்லோரும் என்று எழுத இந்த வீட்டில் இப்போது யார் இருக்கிறார்கள், அதனால் நான் க்ஷேமம் என்று எழுதிக்கொள்கிறேன். முழங்கால் வலி குளிருக்குக் கொஞ்சம் கூடியிருக்கிறது, மற்றபடி உடம்புக்கு ஒன்றுமில்லை. நீயும் அனன்யாவும் சௌக்கியமா என்று கேட்கமாட்டேன், நீ சௌக்கியமாக இல்லை என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. போனில் நான் ஒரு முழு ராமாயணம் சொன்னாலும் நீ உம் கொட்டிவிட்டு வைத்துவிடுகிறாய், அதனால்தான் கடிதம். கடிதத்துக்கு உம் கொட்ட முடியாதே, கடைசிவரை படித்துத்தான் ஆகவேண்டும்.

இங்கே குளிர் இந்தத் தடவை அதிகம், காலையில் எதிர்வீட்டு மாடி தெரியாத அளவுக்குப் பனி. கீழ்வீட்டு மித்ரா பௌதி புது வெல்லத்தில் பாயேஷ், அதுதான் வங்காளிப் பாயசம், பண்ணிக் கொடுத்தாள், நம் வீட்டில் இந்த வருஷம் பண்டிகை எதுவும் கிடையாது என்று தெரிந்து கிண்ணத்தைப் பண்டிகைப் பலகாரம் மாதிரி நீட்டாமல், சும்மா மிஞ்சிப்போச்சு தீதி என்று சொல்லிக் கொடுத்தாள், அவ்வளவு நாசூக்கு. கொலு வைக்கவில்லை, தீபாவளி இல்லை, வரும் பொங்கலும் இல்லை. பென்ஷன் ஆபீஸில் என் பெயருக்கு மாற்றிவிட்டார்கள், அப்பாவோடு கிடர்பூர் துறைமுகத்தில் வேலை பார்த்த சிவராமகிருஷ்ணன் மாமாதான் கூடவே வந்து அலைந்தார். அவருக்கே எண்பது ஆகப்போகிறது, என்னை மெட்ரோ படியில் கையைப் பிடித்து ஏற்றுகிறேன் என்று சொல்லி, கடைசியில் நான்தான் அவரைப் பிடித்து ஏற்றினேன்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் அனன்யா பேசினாள். அவள் உன்னைக் காட்டிக்கொடுத்தாள் என்று நினைக்காதே, அவளுக்கு மாமியாரை விட்டால் வேறு யாரிடம் சொல்வது. அப்பாவின் காரியம் முடிந்து திரும்பிப் போனதிலிருந்து ஒரு ஹாஸ்ய நிகழ்ச்சிகூட நீ படம் எடுக்கவில்லையாம், வந்த வேலைகளை வேண்டாமென்று திருப்பிவிட்டாயாம். அறையில் உட்கார்ந்து ஜன்னலையே பார்க்கிறாயாம். அப்பா மனசு உடைஞ்சு போனதுக்கு நான்தான் காரணம், இனிமே ஜென்மத்துக்கும் யார் சிரிப்பையும் படம் எடுக்கமாட்டேன் என்று அவளிடம் சொன்னாயாம். முதல் வருஷாப்திகத்துக்குக்கூட கொல்கத்தா வரமாட்டேன், மாசிகத்தை இங்கே பண்ணின மாதிரி அதையும் இங்கேயே பண்ணிக்கிறேன், அப்பா படத்துக்கு முன்னாடி எந்த மூஞ்சியோட உட்காருவேன் என்றாயாம். அவள் அழுதுகொண்டே சொன்னாள். எனக்கு அழுகை வரவில்லை சிவராம். போன மாசியில் அவர் போனார், இந்த மாசியில் பிள்ளையும் போகவேண்டுமா என்று நினைத்துக்கொண்டேன்.

நீ பண்ணும் வேலையைப் புரிந்துகொள்ள அப்பாவுக்கு எத்தனை வருஷம் ஆயிற்று என்று உனக்குத் தெரியும். தொண்ணூற்று மூன்றில் கடல் தாண்டிக் கம்ப்யூட்டர் படிக்கப் போனவன் ராத்திரி ஹாஸ்யக் கூடத்தில் காமிராக்காரனுக்குப் பின்னால் ஒயர் சுருட்டுகிறான் என்று கேள்விப்பட்டதும் மூன்று நாள் அவர் யாரிடமும் பேசவில்லை. யாராவது கேட்டால், கம்ப்யூட்டர்தான், கம்ப்யூட்டர்தான் என்று மென்று விழுங்குவார். முதல் தடவையாக உன் பெயர் போட்ட நிகழ்ச்சியின் காசெட்டை அனுப்பினாயே, அது நம் ஊர் டெக்கில் ஒத்துக்கொள்ளாமல் கோடு கோடாக ஓடியது, உருவமும் இல்லை குரலும் இல்லை. நிறுத்துங்கோ, கண் கெட்டுப்போகும் என்றேன். கேட்கவில்லை, கடைசியில் பெயர் வரும் என்று முழுவதும் உட்கார்ந்து பார்த்தார். பெயரும் கோடாகத்தான் வந்தது.

ஆனால் ஒத்துக்கொண்டபிறகு அவரைப்போல ஒத்துக்கொண்டவர் கிடையாது. தமிழ்ச் சங்கத்தில் குருமூர்த்தி வக்கீல் ஒருநாள் கேட்டார், ஒருத்தன் மேடையில நின்னு பேசறான், ஐந்நூறு பேர் சிரிக்கறா, நடுவுல டைரக்டருக்கு என்ன ஸ்வாமி வேலை என்று. அப்பா சொன்னாராம், கப்பலுக்குக் கேப்டன்தான் எஜமான், ஆனா நம்ம ஹூக்ளி ஆத்துல மணல்மேடு எங்கே இருக்குன்னு கேப்டனுக்குத் தெரியாது, ஆத்து வழி காட்டற பைலட் ஏறினாத்தான் கப்பல் கிடர்பூர் வந்து சேரும், என் பிள்ளை பைலட் என்று. வீட்டுக்கு வந்து இதை என்னிடம் இரண்டு தடவை சொன்னார். சொல்லிவிட்டுத் தனக்குத்தானே தலையாட்டிக்கொண்டார். இதை உன்னிடம் சொல்லியிருக்கமாட்டார், பெற்ற பிள்ளையை நேரில் புகழக்கூடாது என்று ஒரு சட்டம் வைத்திருந்தாரே.

நாங்கள் இரண்டாயிரத்து நான்கில் அங்கே வந்ததும், உன் நிகழ்ச்சியில் எங்களை ஐந்தாவது வரிசையில் உட்கார வைத்ததும் உனக்குச் சொல்லவேண்டியதில்லை. அந்த நிகழ்ச்சியின் டிஸ்க் இங்கே வந்து சேர்ந்த அன்று நடந்ததைத்தான் நீ முழுக்கக் கேட்டதில்லை. அடுத்த வருஷம் சரஸ்வதி பூஜைக்கு முதல் நாள் தபாலில் வந்தது. அட்டையில் உன் பெயரைப் பார்த்ததும் அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. அன்றே போட்டுப் பார்த்திருக்கலாம், நான் சொன்னேன். கூடாது, இது அவன் தொழில், பூஜையில வைக்கணும் என்று சொல்லிவிட்டார். புஸ்தகங்களோடு அந்த டிஸ்கையும் அடுக்கி, சந்தனம் குங்குமம் இட்டு, பூ வைத்தார். பூஜையில் வைத்ததை மறுநாள்வரை தொடக்கூடாதே, அதனால் யாரும் முன்னால் பார்க்கவில்லை. விஜயதசமி அன்று புனர்பூஜை பண்ணி எடுத்து, இன்னிக்கு ஆரம்பிக்கறது எல்லாம் விருத்தியாகும் என்று சொல்லி, சங்கத்துக்காரர்களையும் துறைமுகத்துக்காரர்களையும் பெஹாலாவிலிருந்து உன் கிருஷ்ணம்மாள் அத்தையையும் வரச்சொல்லி, கொலுவுக்குப் பக்கத்தில் டிவியைத் திருப்பி வைத்து, எல்லோருக்கும் முன்னால் போட்டார். தெருவில் அம்மன் விசர்ஜனத்துக்குப் போகிற தாக் மேளச் சத்தம், உள்ளே சுண்டல். நான் சமையலறையில் காபி ஆற்றிக்கொண்டிருந்தேன்.

உன் பேச்சாளர் தன் அம்மாவின் அஸ்தியைக் காபித்தூள் டப்பாவில் வைத்திருந்ததாகவும், பெண்டாட்டி தெரியாமல் அதில் காபி போட்டுக் கொடுத்துவிட்டதாகவும், அம்மா வாயைத் திறக்காமலே அவ்வளவு கசந்தது அன்றைக்குத்தான் என்றும் சொல்கிறாராமே, அந்த இடம். உடனே திரை முழுக்க உன் அப்பா. கண்ணாடியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, வாய் விட்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிறார். நான் தட்டை எடுத்துக்கொண்டு வெளியே வந்தபோது அத்தை மட்டும் எழுந்து நின்றிருந்தாள். நம்ம அம்மாவோட அஸ்தியை நீதானேடா மடியில வெச்சுண்டு போய்க் கரைச்சுட்டு வந்தே, அதுக்காடா இப்படிச் சிரிக்கறே என்று கேட்டாள். அப்பா, இல்லேக்கா, இவாள்ளாம் எங்கேயோ சிரிச்சதை எங்கேயோ ஒட்டுவா என்றார். சினிமாக்காரன் வந்து உன் வாயைத் தொறந்து வெச்சானா என்று கேட்டுவிட்டு, காபியைத் தொடாமல் பெஹாலாவுக்குப் போய்விட்டாள். மற்றவர்களும் ஒவ்வொருவராக, நாழியாச்சு என்று கிளம்பினார்கள். விஜயதசமியும் அதுவுமாக வந்தவர்களுக்கு வெற்றிலை பாக்குக் கொடுக்கக்கூட எனக்குக் கை எழவில்லை.

அன்று சாயங்காலம் அவர் உனக்குப் போன் பண்ணி, என் மூஞ்சியை எடுத்து எங்கேடா ஒட்டியிருக்கே என்று கத்தினதும், எடிட்டர் வெச்சதுப்பா, ரெண்டு செகண்டுதான், எல்லா நிகழ்ச்சியிலும் அப்படித்தான், சிரிப்பு எங்கேர்ந்து வந்தா என்ன என்று நீ சொன்னதும், அவர் டக்கென்று வைத்ததும் உனக்குத் தெரிந்தவை. அதற்குப்பிறகு உன் போன் வந்தால் அவர் எழுந்து பால்கனிக்குப் போய்விடுவார், நான் ஏதாவது சாக்குச் சொல்வேன். அந்தக் கோபத்தோடேயே போய்விட்டார் என்றுதானே நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். அதுதான் இல்லை சிவராம். கோபம் ஒரு மாசம்கூட இருக்கவில்லை. அதோடு போயிருந்தால் நன்றாயிருந்திருக்கும், வேறொன்று வந்து உட்கார்ந்துகொண்டது. நான் நிஜமாவே அதுக்குத்தான் சிரிச்சேனா நாகு என்று என்னைக் கேட்க ஆரம்பித்தார். நீங்களா, சே என்பேன். எனக்கு ஞாபகமில்லையே, எங்கேர்ந்து எடுத்ததுன்னு அவனும் சொல்லலையே, படத்துல இருக்கே என்பார். தை அமாவாசைக்குத் தர்ப்பணம் பண்ண உட்கார்ந்தவர் தாயார் பெயர் வந்ததும் நிறுத்திவிட்டார், எள்ளும் தண்ணீரும் கையிலேயே இருக்கிறது. சாஸ்திரிகள் இரண்டு தடவை எடுத்துக்கொடுத்தபிறகுதான் சொன்னார். துறைமுகத்தில் எத்தனை கணக்குகளைத் தலைகீழாகப் புரட்டித் தப்புக் கண்டுபிடித்த மனுஷர், தன்னைப் பற்றி ஒரு டிஸ்க் சொன்னதை அப்படியே நம்பிவிட்டார். பால்கனிக்குப் போனது உன்மேல் கோபத்தில் இல்லை, உன்னிடம் பேச வெட்கப்பட்டுத்தான். அவன்மேல தப்பில்லை, சிரிச்சவன் நான்தானே என்று அவர் வாயாலேயே சொன்னார். இதைப் போன வருஷமே உன்னிடம் சொன்னால் உனக்கு இன்னும் வலிக்கும் என்று பயந்தேன். இப்போது சொல்லாவிட்டால்தான் வலி என்று தெரிகிறது.

நான் அந்த டிஸ்கைப் போன வாரம்வரை பார்த்ததே இல்லை. அன்று சமையலறையில் இருந்தேன், பிறகு பார்க்க மனசு வரவில்லை, அவரும் டிவிடி மெஷினை யாருக்கோ கொடுத்துவிட்டார். அனன்யா பேசி முடித்ததும் எனக்கு என்ன தோன்றியதோ, பூஜை அலமாரியிலிருந்து அதை எடுத்தேன், அட்டையில் குங்குமம் அப்படியே இருக்கிறது. கீழே மித்ரா பௌதி வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனேன். எனக்கு அந்தப் பேச்சும் புரியவில்லை, அவளுக்கும் புரியவில்லை, இரண்டு பேரும் கோயிலில் உட்கார்ந்த மாதிரி கையைக் கட்டிக்கொண்டு பார்த்தோம். அப்பா வந்தார். வந்ததும் போய்விட்டார். திரும்பப் போடு என்றேன். மறுபடியும் போட்டாள். அவரைத்தான் பார்த்தேன் முதலில், அந்தச் சிரிப்பைப் பார்த்து எவ்வளவு நாளாயிற்று. அப்புறம்தான் ஓரத்தில் பார்த்தேன், மாங்காய்ப் பச்சைப் புடவையில் ஒரு தோள். என் தோள். அது அவர் பக்கம் திரும்பியிருக்கிறது.

இப்போது நிதானமாகப் படி. அன்று அரங்கத்தில் உட்கார்ந்ததும் நீ எங்களிடம் ஓடிவந்து என்ன சொன்னாய், அம்மா காமிராவைப் பார்க்காதே, பக்கத்துல பேசாதே, நேரா மேடையைப் பாரு என்றாய். எனக்கு ஒரு வார்த்தை புரியவில்லை என்றாலும் நீ எங்கிருந்தோ பார்த்துக்கொண்டிருப்பாய் என்ற பயத்தில் ஸ்கூல் பெண் மாதிரி கழுத்தைத் திருப்பாமல் உட்கார்ந்திருந்தேன். ஒரே ஒரு தடவைதான் திரும்பினேன். நடுவில் பேச்சாளரின் மைக் கெட்டுப்போய் அவர் உள்ளே போனாரே, ஜனங்கள் எழுந்திருக்கப் பார்த்தார்களே, அப்போது காதில் மாட்டுகிற மெஷினைக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு நீயே மேடைக்கு வந்து ஏதோ சொன்னாய். ஜனங்கள் மரியாதைக்குக் கொஞ்சம் சிரித்தார்கள். உன் அப்பா மட்டும் கண்ணாடியைக் கழற்றிவிட்டார். நான் அவர் பக்கம் திரும்பி, என்ன சொன்னான் என்று கேட்டேன். அவருக்குச் சொல்ல வரவில்லை, அவ்வளவு சிரிப்பு. அப்புறம் சொன்னார், எங்க ஊர்ல கரண்ட் போனா யாரும் எழுந்து போகமாட்டா, போனா மிச்சப் பேரெல்லாம் இருட்டுல உட்கார்ந்து போனவாளைப் பத்தித்தான் பேசுவா, அதனால தயவுபண்ணி உட்காருங்கோங்கறான், நாகு, இது நம்ம பவானிபூர் மொட்டைமாடி, இது அப்படியே நம்ம லோட்ஷெடிங் என்று. அந்த ஐந்நூறு பேரில் அது யாருக்குப் புரியும், அவர் ஒருத்தருக்குத்தான் புரிந்தது. அதற்குத்தான் சிரித்தார். அந்தப் பேச்சாளருக்கு இல்லை, அந்த அஸ்திக்கு இல்லை. மேடையில் நின்ற தன் பிள்ளைக்குச் சிரித்தார். உங்கள் எடிட்டர் நல்ல சிரிப்பாக இருக்கிறதே என்று அதை எடுத்து வேறு இடத்தில் வைத்துவிட்டார், அவரைச் சொல்லி என்ன பிரயோஜனம், அவர் வேலை அது. அவருக்கு இது யார் அப்பா என்று தெரியுமா, மொட்டைமாடி தெரியுமா.

மறுநாளே ஆட்டோ வைத்துக்கொண்டு போய் அத்தையைக் கூட்டிவந்து பௌதி வீட்டில் உட்காரவைத்துக் காட்டினேன், தோளைக் காட்டினேன், எல்லாம் சொன்னேன். அத்தை மறுபடியும் போடச்சொல்லிப் பார்த்தாள். அப்புறம், கண்ணாடி போட்ட நாள்லேர்ந்து அவனுக்கு நிஜச் சிரிப்பு வந்தா அதைக் கழட்டிடுவான், வாத்தியார்கிட்ட அடிகூட வாங்கியிருக்கான், எனக்கு அன்னிக்கு ஏன்டி நாகு இது தோணலை என்றாள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். இதை அவன்கிட்ட இனிமே யார் சொல்றது என்று கேட்டாள். அதுதான் எனக்கும் ஆறவில்லை. அன்று காபி ஆற்றப் போகாமல் கூடத்தில் உட்கார்ந்திருந்தால், அந்தத் தோளை அன்றே பார்த்திருந்தால், இரண்டு வார்த்தையில் முடிந்திருக்கும். அவர் நிம்மதியாகத் தர்ப்பணம் பண்ணியிருப்பார், நீயும் அவரும் பேசியிருப்பீர்கள். பார்க்கவில்லை, அவ்வளவுதான். நெஞ்சு எரிகிறது என்று எழுதினால் நீ டாக்டரிடம் போகச் சொல்வாய், அந்த எரிச்சல் இல்லை இது.

வருஷாப்திகம் மாசியில் வருகிறது, தேதி அனன்யாவிடம் சொல்லியிருக்கிறேன். இங்கே வந்து பண்ணு. அப்பா படத்துக்கு முன்னால் எந்த முகத்தோடு உட்காருவேன் என்றாயே, அவரைச் சிரிக்கவைத்த முகத்தோடு உட்கார். மந்திரம் முடிந்ததும் அவர் எதற்குச் சிரித்தார் என்று நீயே உன் வாயால் அவரிடம் சொல், சாஸ்திரிகள் முறைத்தால் முறைக்கட்டும், தட்சிணையை நான் கூடக் கொடுத்துவிடுகிறேன். வேலையை விடாதே. பைலட் இறங்கிப் போய்விட்டால் கப்பல் ஆற்றிலேயே நிற்கவேண்டியதுதான் என்று அவர் இருந்திருந்தால் சொல்லியிருப்பார். ஒருவன் சிரிப்பை எங்கே வைக்கவேண்டும், எங்கே வைக்கக்கூடாது என்று உன்னைவிட விலை கொடுத்துக் கற்றவன் உன் தொழிலில் யார் இருக்கிறார்கள்.

அனன்யாவுக்கு என் ஆசீர்வாதம், அவளிடம் கோபித்துக்கொள்ளாதே. தலைக்கு எண்ணெய் தேய்த்துக் குளி, வேளைக்குச் சாப்பிடு, ஜன்னலைப் பார்த்தது போதும். பகவான் உங்கள் இரண்டு பேரையும் தீர்க்காயுசாக வைக்கட்டும்.

வரும்போது எனக்கு ஒன்று கொண்டுவா, மறந்துவிடாதே. ஒரு காமிரா கூட்டத்தைப் பார்த்தபடியே நிறுத்தாமல் ஓடிக்கொண்டிருக்கும், மைக் கெட்டபோதும் ஓடியிருக்கும் என்று அனன்யா சொன்னாள். நான் எழுதினதை நீ நம்பவேண்டாம், போய் அந்த டேப்பைத் தேடி எடுத்து நீயே பார். பார்த்துவிட்டு, எனக்கும் ஒரு பிரதி. எடிட்டர் கையில் கொடுக்காதே, எதையும் வெட்டாதே. சிரிக்கிற இடம் மட்டும் எனக்குப் போதாது, கொட்டாவி விடுகிறது, மணி பார்க்கிறது, கண்ணாடியைத் துடைக்கிறது, சும்மா இருக்கிறது எல்லாம் வேண்டும். ஒன்றரை மணி நேரம் அவர் என் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார், நான் நேராகப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டேன்.

உன் வரவை எதிர்பார்க்கும்
அம்மா
நாகலக்ஷ்மி